தண்ணீர் வரும் வழி

விழுப்புரம் மாவட்டத்தில் பனமலைக் குன்றின் மேல் இருக்கும் தாளகிரீசுவரர் கோயிலுக்கு வெளியூர்க்காரர்கள் பெரும்பாலும் ஓவியம் பார்க்கத்தான் வருகிறார்கள். வடக்குப் பக்கச் சிற்றாலயத்தின் சுவரில் குடைக்குக் கீழே உமை நிற்கிறாள். ஒரு கால் மடிந்திருக்கிறது, தலை மெல்லச் சாய்ந்திருக்கிறது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும் சிவனின் ஆட்டம் பக்கத்துச் சுவரில் வெறும் கோடுகளாகத் தேய்ந்துவிட்டது. ஏறக்குறைய 1,300 ஆண்டுகளுக்கு முன் ராஜசிம்மப் பல்லவன் எடுப்பித்த கோயில் இது. காஞ்சிக் கைலாசநாதர் கோயிலை எழுப்பியவனும் அவனே. ஆட்டம் அழிந்து அதைப் பார்த்தவளின் முகம் மட்டும் மிஞ்சியிருப்பதைக் கண்டால் யாருக்கும் நெஞ்சு ஒரு கணம் நின்று போகும்.

நானும் அந்த முகத்தைப் பார்க்கத்தான் முதலில் ஏறினேன். பார்த்துவிட்டு வெளியே வந்து பாறையில் உட்கார்ந்தபோது கீழே ஏரி தெரிந்தது. அதன் பிறகு அந்த ஊருக்கு நான் போவது ஏரிக்காகத்தான்.

கோயிலும் ஏரியும் ஒரே பார்வைக்குள் அடங்குகின்றன. சட்டத்தின் பார்வை அப்படி இல்லை. கோயில் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது. 2010-இல் திருத்தப்பட்ட தொல்லியல் சட்டப்படி, பாதுகாக்கப்பட்ட சின்னத்தின் எல்லையிலிருந்து 100 மீட்டருக்குள் புதிதாக எதுவும் கட்டக் கூடாது. அதற்கு அப்பால் இன்னும் 200 மீட்டர் தூரத்துக்கு அனுமதி வாங்கித்தான் கட்ட வேண்டும். சுவரில் இருக்கும் ஒரு சித்திரத்தைக் காக்க, சித்திரத்தைச் சுற்றியுள்ள நிலத்தையும் காக்க வேண்டும் என்று அந்தச் சட்டத்துக்குத் தெரிந்திருக்கிறது. இது பெரிய தெளிவு. இதே தெளிவு கீழே இருக்கும் தண்ணீருக்கு ஏன் கிடைக்கவில்லை என்பதுதான் இந்தக் கட்டுரை.

முப்பத்தாறு ஏரிகளின் கடைசி ஏரி

பனமலை ஏரி தன் சொந்த மழையை மட்டும் நம்பி வாழ்கிற ஏரி அல்ல. அதற்குத் தண்ணீர் கொண்டுவர ஒரு கால்வாய் இருக்கிறது. நந்தன் கால்வாய் என்று பெயர். திருவண்ணாமலை மாவட்டத்தில் கீரனூர் அருகே துரிஞ்சலாற்றின் குறுக்கே உள்ள அணைக்கட்டில் பிரிகிறது. சுமார் 38 கிலோமீட்டர் ஓடி, விழுப்புரம் மாவட்டத்துக்குள் நுழைந்து, வழியில் ஏரி ஏரியாக நிரப்பிக்கொண்டு வந்து, பனமலையில் முடிகிறது. இந்தக் கால்வாயை நம்பியிருப்பவை 36 ஏரிகள். பல்லவ மன்னன் நந்திவர்மன் வெட்டியது, அவன் பெயரே நந்தன் கால்வாய் ஆனது என்று இந்தப் பக்கத்தில் வழிவழியாகச் சொல்கிறார்கள்.

வரைபடத்தில் விரலை வைத்து இந்தக் கால்வாயைத் தொடர்ந்து வந்தால், நம் முன்னோர் நிலத்தை எப்படிப் படித்தார்கள் என்பது புரியும். மேட்டு ஏரி நிரம்பினால் கலங்கல் வழியாக வழிந்து கீழ் ஏரிக்கு வரும். அது நிரம்பினால் அடுத்தது. செஞ்சிப் பக்கத்துக் கிராமங்களில் மழைக்காலத்தில் ஒருவரை ஒருவர் கேட்கும் கேள்வியே “ஏரி கோடி போச்சா?” என்பதுதான். ஓர் ஊரின் ஏரி கோடி போவது, அதாவது நிரம்பி வழிவது, அந்த ஊருக்கு மட்டும் நல்ல செய்தி அல்ல. அடுத்த ஊருக்குத் தண்ணீர் கிளம்பிவிட்டது என்று அதற்குப் பொருள். மேட்டூர்க்காரன் தன் கலங்கலை அரை அடி உயர்த்தினால் கீழூர்க்காரன் வயல் காயும். மேலே இருப்பவன் தன் வரத்துக்காலைத் தூர் வாராமல் விட்டால் தன் ஏரி மட்டுமல்ல, தனக்குக் கீழே இருக்கிற எல்லா ஏரியும் பட்டினி கிடக்கும்.

இந்தச் சங்கிலியில் பனமலை கடைமடை. முப்பத்தைந்து ஏரிக்காரர்கள் சரியாக நடந்துகொண்டால்தான் முப்பத்தாறாவது ஏரிக்குத் தண்ணீர். காவிரிப் படுகையில் கடைமடை என்றால் எல்லோருக்கும் தெரியும். செய்தித்தாளில் படம் வரும். இந்த ஏரிச் சங்கிலிகளின் கடைமடை பற்றி அப்படி யாரும் பேசுவதில்லை.

இன்னொரு நுணுக்கம் இருக்கிறது. துரிஞ்சலாறு தென்பெண்ணையின் கிளையாறு, ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு அல்ல. வடகிழக்குப் பருவமழையில் பெருகும், சில நாட்களில் வடிந்துவிடும். அந்தச் சில நாட்களுக்குள் கீரனூரில் தண்ணீர் கால்வாய்க்குள் திரும்ப வேண்டும். 38 கிலோமீட்டரும் தடையில்லாமல் ஓட வேண்டும். நடுவில் எங்கோ ஒரு சிறுபாலத்தின் அடியில் குப்பையும் முள்ளும் அடைத்துக்கொண்டு, அதை எடுக்க ஆள் வருவதற்குள் மூன்று நாள் போனால், அந்த ஆண்டுக்கான தண்ணீரே போயிற்று. ஏரியை எப்போது வேண்டுமானாலும் தூர் வாரலாம். வாய்க்காலுக்கு அந்த அவகாசம் கிடையாது.

எண்ணப்பட்டதும் எண்ணப்படாததும்

2023 ஏப்ரலில் ஒன்றிய அரசு நாட்டின் முதல் நீர்நிலைக் கணக்கெடுப்பை வெளியிட்டது. நாடு முழுவதும் 24,24,540 நீர்நிலைகள். தமிழ்நாட்டில் 1,06,957. அவற்றில் 8,366 ஆக்கிரமிக்கப்பட்டவை. எண்ணிப் பார்த்ததே பெரிய காரியம்தான், அதைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். எண்ணப்படாத எதையும் அரசு காத்ததாக வரலாறு இல்லை.

ஆனால் அந்தக் கணக்கெடுப்பின் வரையறையைப் படிக்கும்போது மனம் கனத்தது. குளம், ஏரி, குட்டை, நீர்த்தேக்கம் எல்லாம் நீர்நிலை. ஆறு, ஓடை, கால்வாய் போலத் தேங்காமல் ஓடுபவை கணக்கில் சேராது. கணக்கெடுப்புக்கு ஏதோ ஓர் எல்லை வேண்டும் என்பது புரிகிறது. ஆனால் அந்த எல்லையின் விளைவு என்ன? நந்தன் கால்வாயின் 36 ஏரிகள் 36 தனித்தனி எண்களாகப் பட்டியலில் ஏறும். அவற்றைக் கட்டிவைத்திருக்கும் 38 கிலோமீட்டர் கயிறு பட்டியலிலேயே வராது.

இது ஒரு கணக்கெடுப்பின் குறை மட்டுமாக இருந்தால் விட்டுவிடலாம். நம் நீர்ச் சட்டங்களும் திட்டங்களும் பெரும்பாலும் இதே கண்ணோடுதான் பார்க்கின்றன. 2005-இல் சென்னை உயர் நீதிமன்றம் நீர்நிலை ஆக்கிரமிப்புகளை அகற்ற உத்தரவிட்டது. அதைத் தொடர்ந்து 2007-இல் தமிழ்நாடு ஏரிகள் பாதுகாப்பு மற்றும் ஆக்கிரமிப்பு அகற்றுதல் சட்டம் வந்தது. ஏரியை அளந்து, எல்லைக் கல் நட்டு, ஆக்கிரமிப்பை அகற்ற வழி சொல்கிற நல்ல சட்டம். ஆனால் அது பொதுப்பணித் துறையின் பொறுப்பில் இருந்த ஏரிகளுக்கானது. தமிழ்நாட்டில் சுமார் 39,000 ஏரிகள் உண்டு. 40 ஹெக்டேருக்கு மேல் ஆயக்கட்டு உள்ள சுமார் 14,000 ஏரிகளே அந்தத் துறையிடம் இருந்தன. 2021 முதல் நீர்வளத் துறையிடம் இருக்கின்றன. மற்றவை ஊராட்சி ஒன்றியங்களின் கையில். ஒரே சங்கிலியில் மேலே இருக்கும் சிறிய ஏரி ஒன்றியத்துக்குச் சொந்தம், அதன் வழிந்த நீரில் நிரம்பும் பெரிய ஏரி துறைக்குச் சொந்தம். தண்ணீர் ஓர் அலுவலகத்திலிருந்து இன்னோர் அலுவலகத்துக்கு ஓடிக்கொண்டிருக்கிறது.

2017 மார்ச்சில், ஊர் மக்களே நீர்நிலைகளைச் செப்பனிடும் குடிமராமத்து என்ற பழைய பெயரை அரசு மீண்டும் எடுத்தது. முதல் கட்டத்தில் 30 மாவட்டங்களில் 1,519 பணிகள், 100 கோடி ரூபாய். செலவில் பத்தில் ஒரு பங்கை விவசாயிகள் உழைப்பாகவோ பொருளாகவோ பணமாகவோ தர வேண்டும் என்று விதி. பல ஊர்களில் கரை பலப்பட்டது, மதகு சரியானது. மறுக்க மாட்டேன். ஆனால் வேலை ஏரி ஏரியாகப் பிரிக்கப்பட்டது. ஓர் ஏரிக்கு மதிப்பீடு போட முடியும், ஒப்பந்தம் போட முடியும், திறப்பு விழா நடத்த முடியும், முன்னும் பின்னும் படம் எடுக்க முடியும். இரண்டு மாவட்டங்களில், பல ஊர்களின் நடுவே, வயல் ஓரமாகவும் வீட்டுப் பின்புறமாகவும் ஓடும் ஒரு மண் வாய்க்காலுக்கு முன்னால் நின்று யார் படம் எடுப்பார்கள்?

நந்தன் கால்வாயைச் சீரமைக்க நிதி ஒதுக்கப்படவே இல்லை என்று சொன்னால் அது பொய். பல ஆட்சிகளில் பலமுறை ஒதுக்கியிருக்கிறார்கள். சாத்தனூர் அணையிலிருந்து தென்பெண்ணை நீரை இந்தக் கால்வாய்க்குத் திருப்ப வேண்டும் என்ற கோரிக்கையும் பல பத்தாண்டுகளாக உயிரோடு இருக்கிறது. செஞ்சி, விழுப்புரம் பக்கத்தில் தேர்தல் வந்தால் அது மேடை ஏறும். அந்தக் கோரிக்கையில் நியாயம் இருக்கிறது. ஆனால் புதுத் தண்ணீர் கொண்டுவந்தாலும் அது இதே வாய்க்காலில்தான் வர வேண்டும். அடைபட்ட வாய்க்காலுக்குத் துரிஞ்சல் நீரானால் என்ன, பெண்ணை நீரானால் என்ன?

வாய்க்கால் எப்படிச் சாகிறது

ஒரே நாளில் சாவதில்லை. அதனால்தான் யாரும் பார்ப்பதில்லை.

ஒவ்வொரு ஏரோட்டத்துக்கும் வரப்பு ஒரு சாண் உள்ளே நகர்கிறது. செய்பவர் பெரும்பாலும் ஒரு ஏக்கர், அரை ஏக்கர் வைத்திருக்கும் சிறு விவசாயி. பத்து ஆண்டுகளாகத் தண்ணீர் வராத ஒரு பள்ளம் அவர் கண்ணுக்கு வாய்க்காலாகத் தெரியவில்லை, வீணாகக் கிடக்கும் நிலமாகத் தெரிகிறது. அவரைத் திருடன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அடுத்து சாலை வருகிறது. வாய்க்காலைக் கடக்க ஒரு குழாயைப் போட்டு மேலே மண் கொட்டுகிறார்கள். குழாயின் வாய் வாய்க்காலின் அகலத்தில் கால்வாசி. பிறகு சீமைக் கருவேலம். ஈரம் இருந்த இடத்தில் அது முதலில் குடியேறும். வெட்டினால் வேரிலிருந்து துளிர்க்கும், வேரோடு பிடுங்கினால்தான் போகும். 2022-இல் தமிழ்நாடு அரசு அயல் ஆக்கிரமிப்புத் தாவரங்களுக்கென்றே ஒரு கொள்கை வெளியிட்டது. காடுகளில் அதன் பயன் தெரியத் தொடங்கியிருக்கிறது. வாய்க்கால் கரைகளுக்கு அது இன்னும் வந்து சேர வேண்டும்.

ஊர் வளர வளர, ஊருக்குப் பின்னால் ஓடும் வாய்க்கால் குப்பை கொட்டும் இடமாகிறது. மேலே பாறைக் குன்றுகளில் கல் உடைக்கிறார்கள். குன்றிலிருந்து இறங்கும் ஓடைகளின் திசை மாறுகிறது. செஞ்சியைச் சுற்றியுள்ள இந்த மொட்டைக் கற்குன்றுகள் வெறும் கல் அல்ல. மழை விழுந்தவுடன் ஒரு துளியும் உறிஞ்சாமல் அடிவாரத்துக்கு அனுப்பும் கூரைகள் அவை. கூரையை உடைத்துவிட்டுத் தொட்டியைத் தூர் வாருவதில் என்ன பயன்?

எல்லாவற்றுக்கும் மேலாக, வாய்க்கால் தேவையில்லை என்ற எண்ணத்தை மின்மோட்டார் கொண்டுவந்தது. விவசாயத்துக்கு இலவச மின்சாரம் சிறு விவசாயியைக் காப்பாற்றியது. அதைப் பழிப்பவர்கள் கடனில் மூழ்கிய குடும்பத்தைப் பார்க்காதவர்கள். ஆனால் கிணறும் ஆழ்துளைக் கிணறும் உள்ளவருக்கு ஏரிக் கூட்டத்துக்கு வர வேண்டிய அவசரம் போய்விட்டது. மோட்டார் இல்லாதவர் மட்டும் ஏரியை நம்பி நின்றார். அவருக்குக் கூட்டத்தில் குரல் இல்லை. நிலத்தடி நீரை ஒழுங்குபடுத்த 2003-இல் தமிழ்நாடு ஒரு சட்டம் இயற்றியது. நடைமுறைக்கு வராமலே இருந்து 2013-இல் அது திரும்பப் பெறப்பட்டது. ஏரி நிரம்பினால்தான் ஆழ்துளைக் கிணற்றில் தண்ணீர் ஊறும் என்பது ஊரில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும், மேலே இருக்கும் தண்ணீர் பொதுச் சொத்தாகவும் கீழே இருக்கும் தண்ணீர் மோட்டார் உள்ளவர் சொத்தாகவும் இருக்கிறது.

நீர்க்கட்டியின் இடம்

பழைய காலத்தில் வாய்க்காலுக்கு ஓர் ஆள் இருந்தார். வட தமிழ்நாட்டில் அவருக்கு நீர்க்கட்டி என்றும், சில ஊர்களில் கம்புகட்டி என்றும் பெயர். மழை பிடித்தவுடன் மண்வெட்டியோடு கிளம்புவார். இரவில் கரை மேல் நடப்பார். மதகைத் திறப்பதும் மூடுவதும் அவர்தான். எந்த வயலுக்கு எத்தனை நாழிகை என்பது அவர் மனத்தில் இருக்கும். அறுப்பில் களத்து நெல்லாக அவருக்குக் கூலி.

இதைச் சொல்லும்போது பலருக்கும் ஒரு பொற்காலம் கண் முன் விரியும். நானும் ஒரு காலத்தில் அப்படி எழுதியிருக்கிறேன். இப்போது எழுத மாட்டேன். பல ஊர்களில் நீர்க்கட்டி வேலை பார்த்தவர்கள் தலித் மக்கள். இரவெல்லாம் தண்ணீர் காத்தவர்களுக்குச் சொந்தமாகத் தண்ணீர் பாயும் ஒரு காணி நிலம் இல்லை. குடிமராமத்து என்ற சொல்லின் பின்னாலும் இதே நிழல் உண்டு. 1858-இல் சென்னை மாகாணத்தில் பிரிட்டிஷார் கொண்டுவந்த சட்டத்தின் பெயரே கட்டாய உழைப்புச் சட்டம். கரை உடையும்போது உடல் வலு உள்ளவர்களை வேலைக்கு இழுக்க அதிகாரம் தந்த சட்டம் அது. கரைக்கு மண் சுமந்தவர் யார், கரைக்குக் கீழே நெல் அறுத்தவர் யார் என்று கேட்காமல் பழைய முறையைப் புகழ்வது நியாயமில்லை.

அந்த முறை போனது சரி. 1980-இல் பரம்பரைக் கிராம அதிகாரிகள் முறையும் போனது. அதுவும் சரிதான். ஆனால் அந்த இடத்தில் சம்பளமும் மரியாதையும் உள்ள ஒரு புதிய ஆளை நாம் வைக்கவில்லை. 2000-இல் விவசாயிகள் பாசன மேலாண்மைச் சட்டம் வந்தது, நீரினைப் பயன்படுத்துவோர் சங்கங்கள் வந்தன, தேர்தலும் நடந்தது. சங்கத்துக்குத் தலைவர் உண்டு. இரவில் மண்வெட்டியோடு நடக்க ஆள் இல்லை. சங்கமும் ஏரிவாரியானது. மேலேரிச் சங்கமும் கீழேரிச் சங்கமும் ஒரே மேசையில் உட்கார்ந்து பேச வேண்டும் என்றால், நந்தன் கால்வாயைப் பொறுத்தவரை இரண்டு மாவட்ட ஆட்சியர்கள் சேர வேண்டியிருக்கும்.

நூறு நாள் வேலைத் திட்டம் 2006 பிப்ரவரியில் தொடங்கியபோது தமிழ்நாட்டில் முதல் சுற்றில் சேர்ந்த ஆறு மாவட்டங்களில் திருவண்ணாமலையும் விழுப்புரமும் உண்டு. கால்வாய் ஓடும் இரண்டு மாவட்டங்களுமே. இருபது ஆண்டுகளாக இந்த ஏரிகளிலும் வாய்க்கால்களிலும் மண் வெட்டியவர்கள் பெரும்பாலும் பெண்கள். எந்த வளைவில் மண் சரியும், எங்கே முள் அடைக்கும் என்பது அவர்கள் கைக்குத் தெரியும். அவர்களை வருகைப் பதிவேட்டில் மட்டும் வைத்தோம். அடுத்த நீர்க்கட்டி அங்கிருந்துதான் வர வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். மாதச் சம்பளம், கையில் ஒரு வரைபடம், மதகின் சாவி ஆகியவற்றோடு ஒரு பெண் நீர்க்கட்டி.

பனைக்கும் இதே கதை

தாளம் என்றால் பனை. தாளகிரி என்பது பனமலையின் வடமொழி வடிவம். பெயரிலேயே மரம் உள்ள ஊரில் நின்றுகொண்டு பனையைப் பற்றிப் பேசாமல் போக முடியாது. ஏரிக்கரையில் பனை நட்டது அழகுக்காக அல்ல. அதன் சல்லிவேர்கள் கரை மண்ணைப் பின்னிப் பிடிக்கும். புயலில் விழாது, வறட்சியில் சாகாது, நிழல் விரித்துப் பயிரைக் கெடுக்காது.

2021 ஆகஸ்டில் தமிழ்நாட்டின் முதல் தனி வேளாண் நிதிநிலை அறிக்கை பனைக்கு நல்ல சொல் சொன்னது. 30 மாவட்டங்களில் 76 லட்சம் பனை விதைகள். மாவட்ட ஆட்சியரின் அனுமதி இல்லாமல் பனையை வெட்டக் கூடாது. செங்கல் சூளைக்குப் போய்க்கொண்டிருந்த மரத்துக்கு அது பெரிய காவல். ஆனால் பனையேறி மக்கள் கேட்பது வேறு. விக்கிரவாண்டிப் பக்கத்தில் இன்றும் பனையேறிகள் இருக்கிறார்கள். 1987 முதல் தமிழ்நாட்டில் கள் இறக்கத் தடை. பதநீரும் கருப்பட்டியும் இறக்கலாம், ஆனால் அதில் ஒரு குடும்பம் ஆண்டு முழுவதும் வாழ்வது கடினம். ஏறுகிற ஆள் இல்லாத பனை, சொந்தக்காரனுக்கு வெறும் கட்டைதான். ஓலை வெட்டாமல், பாளை சீவாமல் மரம் கைவிடப்படுகிறது. கைவிடப்பட்ட மரத்தை எந்த ஆட்சியர் அனுமதியும் எத்தனை நாள் காக்கும்?

கள் வேண்டுமா வேண்டாமா என்று இங்கே தீர்ப்புச் சொல்ல வரவில்லை. ஏரியில் பார்த்ததையே பனையிலும் பார்க்கிறேன். சட்டம் பொருளைக் காக்கிறது. அந்தப் பொருளை உயிரோடு வைத்திருக்கிற ஆளையும் வழியையும் விட்டுவிடுகிறது.

2024 டிசம்பர்

ஃபெங்கல் புயல் கரை கடந்த இரவு, 2024 டிசம்பர் 1 காலை முடிந்த 24 மணி நேரத்தில் விழுப்புரம் மாவட்டத்து மயிலத்தில் 51 சென்டிமீட்டர் மழை பதிவானது. மறுநாள் சாத்தனூர் அணையிலிருந்து விநாடிக்கு 1.68 லட்சம் கன அடி திறந்துவிட்டார்கள். தென்பெண்ணையின் கரை ஊர்கள் மூழ்கின. திருவண்ணாமலையில் மலைச்சரிவில் ஏழு பேர் மண்ணுக்குள் போனார்கள். அதில் குழந்தைகளும் உண்டு.

நந்தன் கால்வாய் சரியாக இருந்திருந்தால் அந்த வெள்ளம் வந்திருக்காது என்று நான் சொல்ல மாட்டேன். அவ்வளவு தண்ணீரை விழுங்க எந்த மண் வாய்க்காலாலும் முடியாது. நான் சொல்வது வேறு. இந்தப் பக்கத்து மழை இனி இப்படித்தான் வரப் போகிறது: பல நாள் வராமல் இருந்து ஒரு நாளில் கொட்டும். அப்படிக் கொட்டும்போது தண்ணீர் தங்க ஆயிரம் இடங்கள் வேண்டும், அந்த ஆயிரம் இடங்களுக்கும் வழி வேண்டும். பருவநிலை மாற்றத்துக்கென்று தமிழ்நாடு தனி இயக்கம் தொடங்கியிருக்கிறது, ஈரநிலங்களுக்கென்று ஓர் இயக்கம், பசுமைக்கென்று ஓர் இயக்கம். மூன்றும் தேவை. ஆனால் விழுப்புரத்தில் பருவநிலை மாற்றத்தை எதிர்கொள்ளும் கருவி புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியதல்ல. ஏற்கெனவே வெட்டி வைத்திருக்கிறார்கள்.

கடலுக்கு அப்பால் ஒரு பாடம் உண்டு. இலங்கையின் வறண்ட வலயத்தில் நம்மைப் போலவே ஏரிச் சங்கிலிகள், அங்கே குளங்கள் என்பார்கள். சிங்களத்தில் அந்தச் சங்கிலிக்கே ‘எல்லங்காவ’ என்று ஒரு பெயர் உண்டு. நமக்குத் தனி ஏரிக்கு எத்தனையோ பெயர்கள்: ஏரி, தாங்கல், ஏந்தல், கண்மாய், குளம். இலங்கையிலோ குளத்துக்கு மேலே காற்றைத் தடுக்க ஒரு மரவரிசை, கரைக்குக் கீழே உப்பை உறிஞ்ச ஒரு மரக்கூட்டம் என்று அவர்களின் சங்கிலியில் ஒவ்வொரு துண்டு நிலத்துக்கும் ஒரு வேலை. ஐ.நா.வின் உணவு வேளாண் அமைப்பு அதை உலக வேளாண் மரபாக ஏற்றிருக்கிறது. அங்கே இப்போது சீரமைப்புத் திட்டங்கள் தனிக் குளத்தை விட்டுச் சங்கிலியை அலகாக எடுக்கத் தொடங்கியிருக்கின்றன. எங்கோ தொலைவில் நடப்பது அல்ல, நம் மண்ணும் மழையும் உள்ள இடத்தில் நடப்பது.

நமக்கும் அந்த எண்ணம் புதிதல்ல. 2007-இல் உலக வங்கிக் கடனோடு தொடங்கிய நீர்வள நிலவளத் திட்டம் 63 உபவடிநிலங்களை அலகாக எடுத்தது. ஆறும் ஏரியும் நிலமும் ஒரே உடல் என்று அதன் ஏட்டில் இருந்தது.  ஆனால் கடனோடு வந்த அந்த அறிவு துறையின் அறிவாக மாறவே இல்லை.

இரண்டு பட்டங்களுக்கு நடுவில்

விழுப்புரம் மாவட்டத்துக்கு அண்மையில் இரண்டு உலகப் பட்டங்கள் கிடைத்தன. 2024 ஆகஸ்டில் கழுவேலிப் பறவைகள் சரணாலயம் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. 2025 ஜூலையில் செஞ்சிக் கோட்டை, மராத்திய ராணுவக் கோட்டைகளின் வரிசையில் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமானது. பன்னிரண்டு கோட்டைகளில் தமிழ்நாட்டிலிருப்பது அது ஒன்றே. இரண்டுமே மகிழ்ச்சி. செஞ்சியைப் பிடிக்க வந்த படைகள் ஆண்டுக்கணக்கில் முற்றுகையிட்டும் திணறியதற்குக் காரணம் மதில் மட்டுமல்ல, உள்ளே இருந்த குளங்களும் சுனைகளும்தான். கழுவேலிக்குப் பறவை வருவது அதைச் சுற்றியுள்ள நூற்றுக்கணக்கான ஏரிகளிலிருந்து வழிந்து வரும் நன்னீரால். இரண்டு பட்டமும் தண்ணீருக்குக் கிடைத்த பட்டம் என்றே நான் நினைக்கிறேன். இனி செஞ்சிக்கு வரும் பயணிகளுக்கு விடுதி எழும், விடுதிக்கு ஆழ்துளைக் கிணறு தோண்டப்படும். அந்தக் கிணறுகளுக்கு அடியில் தண்ணீரை நிறுத்தி வைக்கப் போவதும் இந்த ஏரிகள்தான்.

செய்ய வேண்டியவற்றில் பெரிய பணம் தேவைப்படாத ஒன்றை முதலில் சொல்கிறேன். நந்தன் கால்வாயைக் கீரனூர் முதல் பனமலை வரை ஒரே நீர்நிலையாக அறிவிக்க வேண்டும். 38 கிலோமீட்டரையும் அளந்து, இரு கரையிலும் எல்லைக் கல் நட்டு, அந்த வரைபடத்தை 36 ஏரி ஊர்களின் ஊராட்சி அலுவலகச் சுவரிலும் ஒட்ட வேண்டும். யார் வரப்பு எவ்வளவு உள்ளே வந்திருக்கிறது என்று ஊரே பார்க்கட்டும். ஊர் பார்த்தால் பாதி வரப்பு தானே பின்னால் போகும். கால்வாய்க்கு ஒரே பொறியாளர் பொறுப்பு, மாவட்ட எல்லை அவருக்கு எல்லையாக இருக்கக் கூடாது. 36 ஏரிச் சங்கங்களும் ஆண்டுக்கு இருமுறை ஒன்றாகக் கூட வேண்டும். முதல் பேச்சுரிமை கடைமடைக்கு. கீரனூரில் எவ்வளவு தண்ணீர் திரும்பியது, பனமலைக்கு எவ்வளவு வந்து சேர்ந்தது என்ற இரண்டு எண்கள் பருவமழை நாட்களில் அன்றன்றே வெளியாக வேண்டும். மேட்டூர் அணையின் நீர்மட்டத்தை நாம் வானொலியில் கேட்டே வளர்ந்தவர்கள். இந்த இரண்டு எண்களைக் கேட்பது பெரிய ஆசை அல்ல.

2024 ஜூலையில் அரசு ஒரு வழி திறந்தது. ஏரி வண்டலை விவசாயிகளும் மண்பாண்டத் தொழிலாளர்களும் வட்டாட்சியர் அனுமதியோடு இலவசமாக எடுத்துக்கொள்ளலாம் என்றது. மாவட்ட ஆட்சியர் அலுவலகத்துக்கு அலைந்த காலம் போய், வட்ட அளவிலேயே வேலை முடிகிறது. அதே எளிமையை வாய்க்கால் மண்ணுக்கும் நீட்டினால், கால்வாயில் தேங்கிய மண்ணில் ஒரு பகுதி பக்கத்து வயலுக்கே போய்ச் சேரும்.

பனமலைக் குன்றின் மேலிருந்து பார்த்தால் மேற்கே நிலம் மெல்ல மெல்ல உயர்ந்துகொண்டே போகிறது. தண்ணீர் அந்தப் பக்கத்திலிருந்துதான் வர வேண்டும். ஐப்பசி அடைமழைக்கு முன் புரட்டாசி ஒரு மாதம் இருக்கிறது. முள் வெட்டவும், சிறுபாலத்தின் வாயைத் திறக்கவும், கலங்கலில் கிடக்கும் கல்லை எடுக்கவும் அந்த ஒரு மாதம் போதும்.